பேராசிரியருக்குத் தெரியாமல் ஒரு மலர்

பெப். 3, திங்கள்

மழை. தூறல்தான், ஆனால் காலை ஆறு மணியிலிருந்து விடவில்லை. மெட்ரோபொலிட்டன் லைன் ரயில் பத்து நிமிடம் தாமதம். அலுவலக ஹீட்டர் மறுபடி படுத்துவிட்டது. கட்டடப் பகுதிக்கு மூன்றாவது மின்னஞ்சல்.

புதுக் கொப்பி. யாழினி பல்கலைக்கழகத்திலிருந்து போன கிழமை வந்தபோது வாங்கித் தந்தது. "அம்மா, ஜஸ்ட் ரைட், ஓகே?" ஆறு வாரமாகச் சமையலறை மேசையில் ஆங்கிலத்தில் எழுதி எழுதிக் கை மரத்துவிட்டது. இதில் தமிழ் மட்டும். யார் எந்த மொழியில் பேசினாலும் இந்தக் கொப்பிக்குள் எல்லாரும் யாழ்ப்பாணத் தமிழ்தான் பேசுவார்கள். என் கொப்பி, என் சட்டம்.

ஆறு வாரமாக எழுதியது: பேராசிரியர் விவியன் குவான் அம்மையாரின் வாழ்க்கை. பன்னிரண்டு பக்கம். நேற்று ஹெலனுக்கு அனுப்பியாயிற்று.

ஹெலன், பே.யின் பழைய மாணவி. (பேராசிரியர் என்று முழுதாக எழுதக் கை நோகிறது. இனி பே.) இப்போது எடின்பரோவில் படிப்பிக்கிறாள். பே. இந்த வருடத்தோடு ஓய்வு. ஒப்பிலக்கியக்காரர்களிடம் ஒரு வழக்கம்: பெரியவர் ஓய்வு பெறும்போது மாணவர்கள் ஆளுக்கொரு கட்டுரை எழுதிப் புத்தகமாக்கிக் கையில் கொடுப்பார்கள். நம்முடைய மணிவிழா மலர் மாதிரி. இரண்டே வித்தியாசம். நகைக்கடை விளம்பரம் இராது. யாருக்காக எழுதுகிறார்களோ அவருக்கு மட்டும் கடைசி வரை தெரியக்கூடாது.

பன்னிரண்டு பேர் எழுதுகிறார்கள். பதினொரு பேர் டொக்டர். பன்னிரண்டாவது நான், துறை நிர்வாகி சிவகௌரி. டைம்டேபிள் போடுகிறவள், பரீட்சைத் தாள் அடுக்குகிறவள், இருபத்திரண்டு வருடமாக பே.க்குப் பக்கத்து அறை. யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் இரண்டாம் வருடத்தில் நின்ற படிப்பு. பிறகு சண்டை, ஜெர்மனி, கலியாணம், லண்டன். இதுவரை என் பெயர் அச்சில் வந்தது என் கலியாண அழைப்பிதழில் மட்டும்.

ஹெலன் ஒளிக்காமல் சொல்லிவிட்டாள். "கௌரி, பதிப்பகம் வெளியாள் ஒருத்தரிட்டை அனுப்பி அறிக்கை கேக்கும். பட்டம் இல்லாதவையின்ர கட்டுரையை வெட்டச் சொல்லுறதுதான் வழக்கம். மனசைத் தேத்தி வைச்சிருங்கோ."

தேற்றிவிட்டேன் என்றேன். பொய். எனக்கு அது வர வேண்டும். வாய்விட்டுச் சொல்ல வெட்கம், அதனால் இங்கே எழுதுகிறேன்: வர வேண்டும்.

வாங்க: தேயிலை, கறிவேப்பிலை, பிரின்டர் மை, ர.வுக்கு இருமல் மருந்து. (ர. என் புருஷன் ரவி. ஊர் முழுக்க ஹீட்டர் திருத்துவார். என் அலுவலகத்துக்கு மட்டும் வர அனுமதி இல்லை.)

பெப். 6, வியாழன்

வெயில். சும்மா பேருக்கு. கையுறை இல்லாமல் நிற்க ஏலாது.

கட்டுரையைத் திரும்ப வாசித்தேன். அனுப்பியபின் வாசிக்கக் கூடாது என்று தெரியும். கேட்டால்தானே. அதில் இருப்பது:

– மிசிசிப்பியில் பருத்தி வயல்களுக்கு நடுவே சின்ன ஊர். தகப்பன் பலசரக்குக் கடை, வீடு கடைக்குப் பின்னால். கடைக்கு இடது பக்கம் வெள்ளையர் தேவாலயம், வலது பக்கம் கறுப்பர் தேவாலயம். ஞாயிறு காலை இரண்டு பக்கமும் பாட்டு, நடுவில் கடைக்குள் தகப்பன் சீனத்தில் தன் பாட்டு. 'ஒப்பிலக்கியம் அந்தக் கடையிலேயே தொடங்கிவிட்டது.' எழுதினேன், வெட்டினேன், திரும்பப் போட்டேன்.

– சீன எழுத்துப் படித்தது இருபத்திரண்டு வயதில். தைப்பேயில், ஏழு வயதுப் பிள்ளைகளோடு ஒரே பள்ளிக்கூட வாங்கில் இருந்து.

– டொக்டர் பட்டம் முடித்தும் வேலை இல்லை. ஆங்கிலத் துறை சொன்னது: உமக்குச் சீனத் துறைதான் பொருத்தம். சீனத் துறை சொன்னது: உம்முடைய சீனத்தில் மிசிசிப்பி மணக்குது.

– ஒரு வருடத்துக்கென்று இரண்டு பெட்டியோடு லண்டன். முப்பத்தொரு வருடம் ஆகிவிட்டது. ஆங்கிலம் மட்டும் இன்னும் மிசிசிப்பிதான், சர்க்கரைப் பாணி மாதிரி இழுபடும்.

– முதல் புத்தகம்: வழியனுப்பும் பாட்டுகள். ஆற்றங்கரையில் நண்பனை அனுப்பிவிட்டு நிற்கும் சீனக் கவிஞர், ரயில் நிலையத்தில் காதலியை அனுப்பிவிட்டு நிற்கும் பிரெஞ்சுக் கவிஞர். ஒருவரை ஒருவர் கேள்விப்பட்டதே இல்லை. சேர்த்து வைத்துப் பார்த்தவர் பே.

– மாணவர் எவராவது 'ஒத்திருக்கிறது' என்று எழுதினால் சிவப்புப் பென்சில். "ஒத்துப்போறதை ஆரும் காணுவினம். எங்கை ஒத்துப்போகேல்லை எண்டு காட்டும்."

– அமெரிக்காவிலிருந்து பெரிய பல்கலைக்கழகம் பெரிய பதவிக்குக் கூப்பிட்டும் போகாதது. காரணம், லண்டன் நூலகங்கள். (அப்படித்தான் எழுதியிருக்கிறேன்.)

இரண்டு எழுத்துப் பிழை கண்டுபிடித்தேன்.

பெப். 12, புதன்

பாதி பயம், பாதி சிரிப்பு. ஒழுங்காக எழுதப் பார்க்கிறேன்.

காலை பதினொன்று. பே. என் வாசலில். "கௌரி, ஒரு பைல் அனுப்பியிருக்கிறன். அச்சடிச்சுத் தருவீரே? பெரிசு. எனக்குத் திரையில வாசிக்க ஏலாது." ஏதோ பதிப்பகம் ஒரு தொகுப்பைப் பார்த்து அறிக்கை எழுதச் சொல்லியிருக்கிறதாம். மாதம் ஒரு தரம் நடப்பதுதான். ஓம் என்றேன். பிரின்டர் ஓடியது, நான் என்பாட்டில் லீவுப் படிவங்கள் பார்த்துக்கொண்டிருந்தேன். தாள் முடிந்துவிட்டது என்று சத்தம் போட்டது. புதுக் கட்டு வைக்கப் போனேன். மேலே கிடந்த பக்கத்தில்: 'கடைக்கு இடது பக்கம் ஒரு தேவாலயம்.'

என் வாக்கியம். என் தேவாலயம்.

மலரேதான். அறிக்கைக்கு அனுப்பும்போது எழுதியவர்களின் பெயரை மறைப்பது முறை. பதிப்பகத்தில் யாரோ புதிதாகச் சேர்ந்தவர் ஒரு படி மேலே போய், மலர் யாருக்கோ அவருடைய பெயரையும் மறைத்திருக்கிறார். குவான் என்று வந்த இடமெல்லாம் 'பேராசிரியர் எக்ஸ்'. பிறகு இந்தத் துறையில் ஆக மூத்தவர் யார் என்று தேடிப் பிடித்து அவருக்கே அனுப்பிவிட்டார். மாப்பிள்ளை எப்படிப்பட்ட ஆள் என்று மாப்பிள்ளையிடமே விசாரித்த கதை.

கழிப்பறைக்குள் போய் ஹெலனுக்கு போன். மறுமுனையில் ஒரு சத்தம். அழுகிறாளா சிரிக்கிறாளா தெரியவில்லை.

"ஒருத்தருக்கும் சொல்லாதேயுங்கோ, கௌரி. பதிப்பகத்துக்குச் சொன்னா அவை அவவுக்கு மன்னிப்புக் கேட்டு எழுதுவினம், எல்லாம் வெளியில வந்திடும். மற்றக் கட்டுரையளில எக்ஸின்ர ஆராய்ச்சி மட்டும்தான் கிடக்கு. தான் எழுதினது அவவுக்கு எப்ப நினைவிருந்தது?"

"என்ர கட்டுரையில மிசிசிப்பி கிடக்கே."

"ஓம். அதை மட்டும் எப்பிடியாவது..." என்று சொல்லி நிறுத்தினாள்.

அதை மட்டும் உருவினேன். பன்னிரண்டு பக்கம், என் மேசை லாச்சிக்குள். மிச்சத்தை ரப்பர் போட்டுக் கொடுத்தேன். மதிப்பீட்டாளர் பார்க்காத கட்டுரையைப் பதிப்பகம் சேர்க்காது. அதுவும் எனக்குத் தெரியும். ஆறு வாரத்து உழைப்பை என் கையாலேயே எடுத்து ஒளித்துவிட்டு ரயிலில் வந்தேன். ஹரோ வந்ததும் தெரியவில்லை, ஒரு ஸ்டேஷன் தள்ளி இறங்கினேன்.

பெப். 13, வியாழன்

ஒன்பதே கால். கோட்டைக்கூடக் கழற்றவில்லை. பே. வாசலில்.

"கௌரி, பக்கம் முன்னூற்றொண்டிலயிருந்து முன்னூற்றுப் பன்னிரண்டு வரைக்கும் காணேல்லை."

"பிரின்டர் தின்றிருக்கும்."

"ஒழுங்கா ஒரு கட்டுரையை மட்டும் தின்றிருக்கு," என்றார் பே. "பொருளடக்கத்தில 'ஒரு வாழ்க்கை' எண்டு கிடக்கு. ஒரு பக்கம் விட்டுப்போட்டு நான் ஒருநாளும் அறிக்கை எழுதினதில்லை."

லாச்சியைத் திறந்தேன். வேறென்ன செய்ய. ஒன்றையும் மறைக்காமல் எழுத வேண்டுமென்றால் இதையும் எழுத வேண்டும்: கொடுக்கும்போது உள்ளுக்குள் ஒரு துள்ளல். ரகசியம் போனால் போகட்டும், அவர் வாசிக்கப் போகிறார். இந்த வயதில் இப்படி ஒரு ஆசை.

நாலு மணிக்கு வழமையான தேத்தண்ணி, இருவருக்கும். பே.யின் முகத்தில் ஒன்றும் இல்லை.

"வாசிச்சு முடிச்சிட்டீங்களோ?"

"ஓம்."

"எப்பிடி?"

"மதிப்பீட்டாளர் வாய் திறக்கக் கூடாது, கௌரி. அது ஒழுங்கு." பிஸ்கட்டை நனைத்து நிதானமாகச் சாப்பிட்டார்.

பெப். 16, ஞாயிறு

விம்பிள்டன் பிள்ளையார் கோயில். மழை இல்லை, காற்று. ர.வின் வேனில் போனோம், பின்னால் குழாய்கள் கடகட. அர்ச்சனைச் சீட்டு எழுதுபவர் பெயர், நட்சத்திரம் கேட்டார். கட்டுரைக்கு நட்சத்திரம் பார்ப்பது எப்படி. என்னுடையதையே கொடுத்தேன்.

"ஒரு கட்டுரைக்கு ஒரு தேங்காயோ?" – ர.

"சும்மா இருங்கோ."

"இல்லை, பிள்ளையாருக்கு உம்மட கஷ்டம் விளங்கும். கொம்பை ஒடிச்சு எழுதினது அவர். பேர் போனது சொன்னவருக்கு."

தேங்காய் நன்றாகச் சிதறியது. திரும்பி வரும்போது கேட்டேன், அவவுக்கு விளங்கியிருக்குமோ என்று.

"மிசிசிப்பியில கடை வைச்ச சீனர். குழந்தையளோட இருந்து எழுத்துப் படிச்சவ. லண்டனுக்கு வந்தவ. கௌரி, எங்கட பக்கத்து வீட்டுப் பூனைக்கும் விளங்கும்."

"அப்ப ஏன் ஒண்டும் சொல்லேல்லை?"

"நீர் ஏன் ஒண்டும் சொல்லேல்லை?"

கோயில் வடை சூடாக இருந்தது, இரண்டு சாப்பிட்டேன்.

பெப். 20, வியாழன்

ஹீட்டர் ஒருவழியாக வேலை செய்கிறது. இப்போது அணைக்க முடியவில்லை. ஜன்னல் திறந்து வைத்து வேலை.

தேத்தண்ணி நேரம் பே. தானாகவே தொடங்கினார். "நான் ஒரு தொகுப்புப் பாக்கிறன் எல்லே, ஆரோ எக்ஸைப் பற்றி. இவ்வளவு புகழ்ச்சி உடம்புக்குக் கூடாது. அந்த எக்ஸின்ர இரண்டாவது புத்தகம் சரியான மோசம். ஒருத்தரும் சொல்லேல்லை."

"மோசமெண்டு சொல்ல ஏலாது," என்றேன். வாய்.

"நீர் வாசிச்சனீரோ?"

'தட்டச்சு செய்ததே நான்தானே' என்று வந்ததைப் பிஸ்கட்டோடு விழுங்கினேன். இரண்டும் சேர்ந்து தொண்டையில் சிக்கியது. பே. முதுகில் தட்டினார். "மெல்ல, கௌரி. அவசரமில்லை."

அவருக்குத் தெரியும். தெரியாது. தெரியும். எப்படி எழுதிப் பார்த்தாலும் சரியாக இருக்கிறது.

பெப். 26, புதன்

அறிக்கை இல்லை. மின்னஞ்சல் பெட்டியை எத்தனை தரம் திறந்தேன் என்று எழுத மாட்டேன்.

ரயிலில் பின் சீட்டில் இரண்டு பேர்.
"அண்ணை, கவுன்சில் லெட்டர் வந்திட்டுதோ?"
"வந்திட்டுது. உடைக்கேல்லை."
"ஏன்?"
"உடைச்சா விசயம் தெரிஞ்சிடும்."

அந்த மனுசனைத் திரும்பிப் பார்த்து ஒரு புன்னகை. அவர் பயந்துவிட்டார்.

மார்ச் 5, புதன்

வெயில், நல்ல வெயில். அறிக்கை வந்துவிட்டது. ஹெலன் அனுப்பியிருந்தாள், மேலே ஒரு வரி: கதிரையில இருந்துகொண்டு வாசியுங்கோ.

இரண்டரைப் பக்கம். முடிவில் 'மதிப்பீட்டாளர் 2' என்று மட்டும். பதினொரு டொக்டர்மாருக்கும் அடி. புகழ்ச்சியில் பாதியை எடுக்கவும். இரண்டாவது புத்தகத்தைப் பற்றி ஒருவராவது உண்மை சொல்லவும். 'ஒத்திருக்கிறது' எங்கே வந்தாலும் வெட்டவும். (இந்த இடத்தில் ஹெலன்: 'இதிலயே பிடிபட்டிட்டா.')

பிறகு என்னுடையது. தமிழில் அப்படியே எழுதி வைக்கிறேன்.

'இந்தத் தொகுப்பில் பேராசிரியர் எக்ஸ் உயிரோடு நடமாடுவது பன்னிரண்டாவது கட்டுரையில் மட்டும். இதை முதலாவதாக வைக்கவும். எழுதியவருக்குப் பட்டம் உண்டா தெரியாது, எழுதத் தெரிகிறது. இரண்டு திருத்தங்கள். ஒன்று: கடையில் பாடியது தகப்பன் அல்ல, தாய். இரண்டு: அமெரிக்கப் பதவியை மறுத்ததற்குக் காரணம் நூலகங்கள் என்கிறார். அது உண்மை அல்ல என்பது கட்டுரையாளருக்கே தெரியும் என்று நம்புகிறேன். ஒப்பிடுவதற்கு இரண்டு வேண்டும். ஒன்றை மறைத்துவிட்டு மற்றதைப் பற்றி எழுத முடியாது. உண்மைக் காரணம் சேர்க்கப்பட்டால் மட்டுமே இந்தக் கட்டுரையை ஏற்கலாம்.'

முதலாவதாக வைக்கவும். கதிரையை விட்டு எழுந்து நின்றேன். ஏன் என்று தெரியாது, நின்றேன். யாழினிக்கு மெசேஜ். பதிலுக்கு ஒரு வரி நிறைய இதயங்கள், 'அம்மா யூ ஆர் சாப்டர் ஒன்'. ர.வுக்கு போன், அவர் யாருடையவோ சமையலறைத் தரையில் படுத்திருந்தாராம். "நான் சொன்னனான் எல்லே, பூனைக்கும் விளங்குமெண்டு."

ஹரோ வந்து இறங்கும்போதுதான் இரண்டாவது திருத்தம் உறைத்தது. சேர்த்தால் மட்டுமே.

மார்ச் 8, சனி

எதிர்வீட்டுப் பிள்ளைகள் தமிழ்ப் பள்ளிக்கூடத்துக்கு இழுபட்டுப் போகிற சத்தம். நானும் மேசையில். ர. தேத்தண்ணி வைத்துவிட்டுச் சத்தமில்லாமல் போனார்.

அதை எழுதாமல் விட்டது மறதியால் அல்ல. அடுத்தவர் வாழ்க்கையை எழுதப் போனவள் தன் கதையை நடுவில் செருகுவது அழகல்ல என்று விட்டேன். இப்போது எழுதாவிட்டால் கட்டுரையே இல்லை.

இருபது வருடம் முந்தி. யாழினி இரண்டரை மாதம் முன்கூட்டியே பிறந்தாள். ஆஸ்பத்திரியில் கண்ணாடிப் பெட்டிக்குள் ஒன்பது வாரம். எனக்கு ஒப்பரேஷன், பிறகு காய்ச்சல், தனியே நடக்க ஏலாது. ர.வுக்குப் பகல் முழுக்க வேலை. பின்னேரம் வந்து என்னைக் காரில் ஏற்றிப் போவார். செவ்வாய் மட்டும் அவருக்கு லீவு, அன்று காலையே போவோம். போகிற ஒவ்வொரு செவ்வாயும் பே. அங்கே இருப்பார். பெட்டிக்குப் பக்கத்தில் பிளாஸ்டிக் கதிரையில், மெல்லிய குரலில் கவிதை சொல்லிக்கொண்டு. ஒரு நாள் சீனம், ஒரு நாள் பிரெஞ்சு. பார்க்க வருவோர் பட்டியலில் அவர் பெயரை எழுதிக் கொடுத்தது நான்தான். ஒரு தரம் எட்டிப் பார்ப்பார் என்று நினைத்தேன். "பிள்ளை ஒருநாளும் இது என்ன மொழி எண்டு கேக்கேல்லை," என்றார். "நல்ல பிள்ளை."

அமெரிக்காவுக்குப் பதில் எழுத வேண்டிய கடைசி நாள் அந்த ஒன்பது வாரத்துக்குள் வந்து போனது. வேலைக்குத் திரும்பியதும் அந்த மறுப்புக் கடிதத்தைக் கோப்பில் போட்டவள் நான். திகதியைப் பார்த்தேன். கேட்கவில்லை. கேட்டால் நன்றி சொல்ல வேண்டி வரும். இதற்கெல்லாம் எப்படி நன்றி சொல்வது என்று எனக்கு இருபது வருடமாகத் தெரியவில்லை.

ஆங்கிலத்தில் ஒரு பந்தி. ஒன்பது வரி. ர.வுக்கு வாசித்துக் காட்டினேன்.

"நன்றி எண்டு எங்கையும் போடேல்லையே."

"தேவையில்லை."

"ஓம், தேவையில்லை." மூக்கைச் சிந்தினார். இருமல் என்றார். அனுப்பிவிட்டேன். தாயின் பாட்டும் திருத்தியாயிற்று.

மார்ச் 14, வெள்ளி

காலை பனிமூட்டம், பத்து மணிக்குக் கலைந்தது. ஹெலன் சொன்னாள், திருத்திய கட்டுரை மதிப்பீட்டாளர் 2க்குப் போய்விட்டதாம். அவர் ஓம் என்றால் அச்சுக்கு. இல்லையென்றால் இல்லை.

மூன்று மணிக்கு பே. வாசலில். "கௌரி, ஒரு பன்னிரண்டு பக்கம் அச்சடிச்சுத் தருவீரே?"

அடித்தேன். கொடுத்தேன். இருவர் முகத்திலும் ஒன்றுமில்லை. அவர் அறைக் கதவு சாத்தும் சத்தம்.

இருபது நிமிடம் நான் ஒரு வேலையும் செய்யவில்லை. பிறகு வந்தார், கையில் தாளும் சிவப்புப் பென்சிலும். என் மேசைக்கு முன்னால் மாணவர்கள் இருக்கும் கதிரையில் இருந்தார்.

"மதிப்பீட்டாளர் எழுதினவரோட கதைக்கக் கூடாது. அது ஒழுங்கு."

"ஓம்."

"அதால நான் இப்ப உம்மோட கதைக்கேல்லை."

"ஓம். விளங்குது."

"புதுப் பந்தியில ஒரு பிழை கிடக்கு. 'செவ்வாய்க்கிழமைகளில்' எண்டு போட்டிருக்கு."

"செவ்வாய்தான், பேராசிரியர். ரவிக்கு லீவு அண்டைக்குத்தான். எனக்கு நல்ல நினைவு."

"நீர் காலமை வந்தது செவ்வாயில," என்றார் பே. "மற்ற நாளில பின்னேரம்தானே வந்தனீர்."

எனக்கு உடனே விளங்கவில்லை.

"ஒவ்வொரு நாளுமோ?"

"ஒன்பது வாரமும். பத்து மணியிலயிருந்து ஒரு மணி மட்டும். நர்ஸ்மாரைச் சொல்ல வேண்டாமெண்டு கேட்டனான். வகுப்பெல்லாத்தையும் பின்னேரத்துக்கு மாத்தினனான். அந்த வருசம் டைம்டேபிள் போட்டது நீரில்லைத்தானே. நீரெண்டா கண்டுபிடிச்சிருப்பீர்."

அழுதேன். அலுவலகத்தில், கதவு திறந்தபடி, மாணவர்கள் போய்வருகிற நேரத்தில். அழுகைக்கு நடுவே சிரிப்பும் வந்தது, அடக்கவில்லை. பே.யும் கண்ணாடியைக் கழற்றிவிட்டார். இவ்வளவு சந்தோஷத்தை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. கொஞ்ச நேரம் கழித்து மேசையைத் தட்டினார். "போதும். திருத்தும். நான் இண்டைக்கே அறிக்கை அனுப்ப வேணும்."

3.50. ஹெலனுக்கு மின்னஞ்சல்: 'பக்கம் 9, ஆறாம் வரி. செவ்வாய்க்கிழமைகளில் என்பதை எடுத்துவிடவும். ஒவ்வொரு நாளும் என்று போடவும்.'